பழைய நேரமா, புது நேரமா?

அத்தியாயம் ஏழு

இத்ரூஸுக்குப் பயம் வந்தால் வாய் மூடாது. அந்த வெள்ளிக்கிழமை காலையிலிருந்து அவன் ஓயாமல் பேசிக்கொண்டிருந்தான் என்றால், நிலைமை எந்த லட்சணத்தில் இருந்தது என்று நீங்களே ஊகித்துக்கொள்ளலாம்.

மாத்தளை, திருகோணமலை வீதி. புடைவைக் கடைக்கு மேலே ஒற்றை அறை. மேசைக்கு இந்தப் பக்கம் மீனாம்பிகை. புள்ளிவிபரக் கந்தோரில் இருபத்தெட்டு வருஷம் குப்பை கொட்டிவிட்டு, ஓய்வு பெற்ற கையோடு துப்பறியக் கிளம்பியவர். அந்தப் பக்கம் அரசாங்கக் கந்தோர் ஒன்றின் கிளார்க் தவமணிதேவி, கைக்குட்டையை முறுக்கு முறுக்கென்று முறுக்கிக்கொண்டு. கதவோரம் சாய்ந்து நின்ற இத்ரூஸ் த்ரீவீலர்க்காரன். மீனாம்பிகைக்குக் காலும் காதும் தானே என்றும், அவசரத்துக்கு மூளையும் தானே என்றும் ஊரெல்லாம் சொல்லித் திரிபவன்.

மேசையில் மூன்று துண்டுக் காகிதங்கள் கிடந்தன. மூன்றும் 'திரிகாலம் கம்பியூட்டர் நிலைய'த்தில் அச்சானவை. அங்கே கேள்வி கேட்டால் கம்பியூட்டர் தமிழில் பதில் சொல்லும். காணாமற்போன மகன், தடுப்பிலிருக்கும் கணவன், ஊர்விட்டு ஊர் போக ராணுவத்தின் பாஸ் கிடைக்காத தம்பி என்று 1999இல் கேள்விகளுக்கா பஞ்சம்? ஊரே வரிசையில் நின்றது.

முதல் காகிதம் ஒரு லொறி டிரைவரின் மனைவிக்குக் கிடைத்தது. 'கணவர் நலம். கவலை வேண்டாம்.' அவர் ஒளிந்திருந்த இடத்தை அவள் தன் கேள்வியிலேயே சொல்லியிருந்தாள். நாலாம் நாள் நம்பர் தகடு இல்லாத வேன் ஒன்று நேரே அந்த இடத்துக்குப் போய் அவரை ஏற்றிக்கொண்டு போனது. இரண்டாவது காகிதம் ஒரு டீச்சருக்கு. அவருடைய மருமகனுக்கும் அதே கதி. மூன்றாவது, தம்பியைப் பற்றி முந்தாநாள் கேட்டிருந்த தவமணிதேவிக்கு, நேற்று மாலை மறுபடி போய்க் கேட்டபோது வந்தது. அது மட்டும் வேறு மாதிரி இருந்தது.

'தம்பிக்குக் கண்டம். வெள்ளி பகல் பதினொன்று. உடன் இடம் மாற்றவும். தாமதம் வேண்டாம்.'

"தம்பி எங்க இருக்கார்?" என்று கேட்டார் மீனாம்பிகை.

"கலேவெலவில மிஸ். ஒரு வெங்காயத் தோட்டத்துக் கொட்டில்ல. வவுனியாவில இருந்து பாஸ் இல்லாம வந்தவன். இராஜசிங்கம்னு பேரு, படம் வரையிற வேலை. எறும்பைக்கூட மிதிக்க மாட்டான்." தவமணிதேவி கைக்குட்டையால் மூக்கைத் துடைத்துக்கொண்டார். "மனுசங்ககிட்ட சொல்லப் பயந்துதான் மிஷின்ல நானே தட்டிக் கேட்டேன். மிஷின் யாருகிட்ட போய்ச் சொல்லப் போகுதுன்னு நினைச்சேன்."

"அந்த மிஷின் எப்பவும் இப்படிப் பேசுமா?"

"தொடக்கத்தில என்ன கேட்டாலும் கிழமை, நேரம், நட்சத்திரம், அவ்வளவுதான் சொல்லும். நாலு மாசமாத்தான் மனுசர் மாதிரிப் பேசுது. அதுக்கு மூளை வந்திருச்சின்னு ஊரெல்லாம் கதை."

"எனக்கு முப்பத்தஞ்சு வருசமா வரல்ல, அதுக்கு நாலு மாசத்தில வந்திருச்சே!" என்றான் இத்ரூஸ். யாரும் சிரிக்கவில்லை. அவனுக்கே சிரிப்பு வரவில்லை.

மணி பத்தேகால். புதிய நேரப்படி. மூன்று வருஷத்துக்கு முன் அரசாங்கம் நாட்டின் மணிக்கூட்டைப் பிடித்து அரைமணி முன்னால் தள்ளிவிட்டிருந்தது. கந்தோருக்கும் பஸ்ஸுக்கும் புது நேரம். கோயில் பூசைக்கும் ஊர்ப் பிடிவாதக்காரர்களுக்கும் இன்னும் பழைய நேரம். இத்ரூஸின் வீட்டிலேயே உம்மாவுக்கு ஒரு மணிக்கூடு, மனைவிக்கு ஒரு மணிக்கூடு. இரண்டுக்கும் நடுவில் தனக்குச் சோறு கிடைப்பதில்லை என்பது அவனுடைய நிரந்தரப் புகார்.

"இன்னும் முக்கால் மணித்தியாலம்தான் மிஸ். தம்பியை உடனே வேற இடத்துக்கு அனுப்புவமா?" என்று கெஞ்சினார் தவமணிதேவி.

மீனாம்பிகை அசையவில்லை. "அதுதான் சிக்கல். இது பயமுறுத்தலா எச்சரிக்கையான்னு தெரியல. பயமுறுத்தல்னா, அவரை வெளியில ஓட வைக்கிறதுக்காக எழுதியிருக்காங்க. பாஸ் இல்லாத ஆள் பாதைக்கு வந்தா செக் பொயின்ட்ல அப்படியே அள்ளிருவாங்க. எச்சரிக்கைன்னா, அவர் கொட்டில்ல இருந்தாத்தான் ஆபத்து. ஒண்ணை நம்பினா தப்புவார், மத்ததை நம்பினா போயிருவார். எழுதினது யாருன்னு தெரியாம கையை வைக்க ஏலாது."

"எழுதினது மிஷின்தானே மிஸ்?"

"மிஷினுக்கு எதுக்கு அவசரம்? 'தாமதம் வேண்டாம்'னு எழுதியிருக்கு. இத்ரூஸ், வண்டியை எடுங்க."

திரிகாலம் நிலையம் முன்னே கண்ணாடி, பின்னே பலகைத் தட்டி. உரிமையாளர் தியாகராஜா வாயெல்லாம் பல்லாக வரவேற்றார். தவமணிதேவியை முகம் தெரியாதபடி த்ரீவீலரின் பக்கத்துப் படங்குத் திரைக்குள் உட்காரவைத்துவிட்டு, மற்ற இருவரும்தான் உள்ளே போயிருந்தார்கள்.

மூலையில் ஒருவன் பேப்பர் படித்துக்கொண்டிருந்தான். ஒட்ட வெட்டிய தலைமயிர், பளபளக்கும் சப்பாத்து. இவர்கள் உள்ளே வந்து உட்காரும்வரை அவன் பக்கத்தைப் புரட்டவேயில்லை. இத்ரூஸின் முதுகில் வியர்வை வழிந்தது. இந்தக் காலத்தில் இப்படிப் பேப்பர் படிக்கிறவர்களைப் பார்த்தால் மாத்தளையில் யாருக்கும் வியர்க்கும்.

"கேளுங்க மிஸ், நான் தட்டுறேன்," என்றார் தியாகராஜா, விசைப்பலகையை இழுத்துக்கொண்டு. "மனுசனுக்கு மறதி இருக்கு, பயம் இருக்கு, பாசம் இருக்கு. இதுக்கு மூணும் கிடையாது. அதனாலதான் இது பிழை விடாது."

"அப்ப ஒரு கணக்குக் கேப்பம். 4879ஐ 367ஆல பெருக்கினா என்ன?"

தியாகராஜா தட்டினார். திரை சும்மா இருந்தது. தட்டிக்குப் பின்னால் யாரோ மெல்லச் செருமியது போலிருந்தது. மீனாம்பிகை இத்ரூஸைப் பார்த்தார். இத்ரூஸ் கூரையைப் பார்த்தான். பிறகு திரையில் எழுத்துகள் ஒவ்வொன்றாக வந்தன.

'கணக்கு வாத்தியாரிடம் கேட்கவும்.'

இத்ரூஸுக்குச் சிரிப்பு வந்து பாதியில் நின்றது. பகிடி விடுவது தன் வேலை. மிஷின் எப்போது அதைப் பழகியது?

தியாகராஜா அவசரமாகச் சமாளித்தார். "கணக்குப் பார்க்கிறதுக்குக் கல்குலேட்டர் இருக்கே மிஸ். இது பெரிய விசயங்களுக்கு."

"சரி, சின்னதா ஒண்ணு. இப்ப நேரம் என்னன்னு கேளுங்க."

"இவ்வளவுதானா?"

"இவ்வளவுதான்."

அவர் தட்டினார். இந்தத் தடவை பதில் சட்டென்று வந்தது. பழக்கத்தில் வாயில் வருகிற பதில் போல, யோசிக்காமல் வந்தது.

'பழைய நேரமா, புது நேரமா?'

மூலையிலிருந்தவன் பேப்பரை இறக்கினான். தியாகராஜாவின் முகத்திலிருந்த சிரிப்பு அப்படியே இருந்தது, ஆனால் கண் தட்டிப் பக்கம் ஓடியது. மீனாம்பிகை நன்றி சொல்லி எழுந்து, ஒன்றும் நடக்காதவர் போலக் கைப்பையைத் தோளில் மாட்டிக்கொண்டு வெளியே வந்தார். பின்னால் ஓடி வந்த இத்ரூஸ் வண்டியைக் கிளப்பினான்.

த்ரீவீலரை அடுத்த சந்திக்குக் கொண்டுபோய் நிறுத்தியதும் அவன் பின்னால் திரும்பினான். மணி பத்து ஐம்பத்திரண்டு.

"மிஷின் எண்டா நெஞ்சுக்குள்ள ஈக்கிற மணிக்கூட்டைப் பார்த்துச் செல்லிரும் மிஸ். பழசா புதுசான்னு இந்த நாட்டு மனிசன் மட்டும்தான் கேப்பான்."

"மனுசன்தான். தட்டிக்குப் பின்னால உட்கார்ந்து இன்னொரு கம்பியூட்டர்ல தட்டுறார். யாருன்னுதான்..."

"எனக்குத் தெரியும்." இத்ரூஸின் முகம் வெளுத்திருந்தது. "அரைமணி மாஸ்டர்."

தவமணிதேவி திகைத்தார். "தந்தி மாஸ்டரா? சிவசுப்பிரமணியம் ஐயாவா?"

"அவரேதான். தபால் கந்தோரில தந்தி அடிச்சு அடிச்சே கிழவனான மனிசன். புது நேரத்துக்கு மாறவே மாட்டேன்னு நிண்டவர். எல்லாக் கலியாணத்துக்கும் அரைமணி பிந்தித்தான் வருவார், அதாலதான் அந்தப் பேர். இந்த வண்டியில எத்தினை தடவை ஏத்தியிருக்கேன்! நேரம் என்ன மாஸ்டர்ன்னு கேட்டா, பதில் செல்ல முன்ன இதைத்தான் திருப்பிக் கேப்பார். எழுத்து மாறாம இதேதான்!"

மீனாம்பிகை மூன்று காகிதங்களையும் மடியில் விரித்தார். 'நலம். கவலை வேண்டாம். தாமதம் வேண்டாம்.' ஒரு சொல் கூடுதலாக இல்லை. சொல்லுக்குச் சொல் காசு வாங்கும் தந்தியில் எண்ணி எண்ணியே பழகிய கை.

"மாஸ்டரை நாலு மாசமா ஆருமே காணல்லையே," என்றார் தவமணிதேவி. "கொழும்புக்கு மகள் வீட்டுக்குப் போனதா..."

"அப்படிச் சொன்னது யாரு?"

"தியாகராஜாதான்."

மீனாம்பிகை தலையாட்டினார். "மாஸ்டர்ட மகன் போன வருசம் பிடிபட்டது ஊருக்கே தெரியும். விடுவிச்சுத் தாறேன்னு சொல்லித் தியாகராஜா அவரை உள்ள உட்கார வச்சிருப்பான். ஊர்ச்சனம் கேள்வி கேக்குது, இவர் பதில் தட்டுறார், தியாகராஜா இடத்தைக் குறிச்சு வேன்காரங்களுக்குக் குடுக்கிறான். முதல் ரெண்டு தடவையும் மாஸ்டர் பயத்தில வாயை மூடிக்கிட்டு இருந்துட்டார். மூணாந் தடவை அவரால ஏலல. தவமணி, இது பயமுறுத்தல் இல்ல. உங்க தம்பியைக் காப்பாத்தச் சொல்லி, தியாகராஜா கவனிக்காத நேரம் பார்த்து அடிச்ச தந்தி."

தவமணிதேவி தன் கைக்கடிகாரத்தைப் பார்த்துவிட்டு ஓவென்று அழுதார். "இன்னும் ஆறு நிமிசம்தான் மிஸ். இனித் தெரிஞ்சு என்ன பிரயோசனம்?"

"ஆறு இல்ல. முப்பத்தாறு."

"என்ன?"

"வேன்காரன் தியாகராஜாகிட்ட பதினொன்றரைன்னு சொல்லியிருப்பான், தட்டிக்குப் பின்னால மாஸ்டருக்குக் கேட்டிருக்கும். மாஸ்டர் அதைக் காதில புது நேரமாக் கேட்டாலும், பழைய நேரமா மாத்தித்தான் மனசில வைப்பார். அவருக்குப் பதினொண்ணு, எங்களுக்குப் பதினொன்றரை. கலேவெலவில ஆரு இருக்கா இத்ரூஸ்?"

"மச்சான் ஸஹாப்தீன். சந்தியில கடை, போனும் ஈக்குது, மோட்டர் சைக்கிளும் ஈக்குது. அந்தத் தோட்டம் அவருக்குத் தெரியும், கால் மணித்தியாலம்தான்."

கொமியூனிகேஷன் கடையில் மூன்று தடவை இலக்கம் சுற்றியும் மணி அடித்து அடித்து ஓய்ந்தது. இத்ரூஸ் தனக்குத் தெரிந்த எல்லா துஆவையும் ஓதினான். நாலாம் தடவை ஸஹாப்தீன் எடுத்தார். போனில் யார் காது வைத்திருப்பார்களோ என்ற பயத்தில் இத்ரூஸ் வெங்காயத்துக்கு மாறினான்.

"மச்சான், தவமணி அக்காட வெங்காய மூட்டை ஒண்டு தோட்டத்துக் கொட்டில்ல ஈக்குது. நனையப் போகுது. இப்பவே தூக்குங்க. மெயின் ரோட்டால வேணாம், குளக்கட்டால கொண்டு போங்க. தேத்தண்ணி குடிச்சிட்டுப் போறேன்னு செல்லாதீங்க, மூட்டை அழுகிரும்!"

பிறகு காத்திருப்பு. அந்தக் கடையில் உட்கார ஒரு வாங்கு, ஒரு போன், ஒரு சுவர் மணிக்கூடு. தவமணிதேவி மணிக்கூட்டைப் பார்க்காமலிருக்கச் சுவர்ப் பக்கம் திரும்பி உட்கார்ந்தார். மணி பதினொன்று அடித்தபோது அவர் உடம்பு தூக்கிப் போட்டது. மீனாம்பிகை சொன்னது பிழையென்றால் எல்லாம் அந்த நிமிஷமே முடிந்திருக்கும். பதினொன்றே கால். இருபத்தைந்து. மீனாம்பிகையின் உதடு காய்ந்து போயிருந்ததை இத்ரூஸ் கவனித்தான். தைரியசாலி என்று அவன் நம்பியிருந்த ஒரே மனுஷி அவர்.

பதினொன்று முப்பத்தேழுக்குப் போன் அலறியது.

"மூட்டை பத்திரம்," என்றது ஸஹாப்தீனின் குரல். "குளக்கட்டுக்கு ஏறித் திரும்பிப் பார்க்கிறேன், தோட்டத்துக்குள்ள வேன் ஒண்டு போகுது. சரியாப் பதினொன்றரை மச்சான். என்னத்தில மாட்டி வச்சிக்கிறாய் என்னை?"

தவமணிதேவி வாங்கிலேயே சரிந்து அழுதார். இத்ரூஸ் கண்ணைத் துடைத்துக்கொண்டு, வெங்காயம் என்றாலே கண்ணில் நீர்தான் என்றான். மீனாம்பிகை மட்டும் அசையாமல் நின்றார்.

"வேன் வெறுங்கையோட நிக்குது. இந்நேரம் தியாகராஜாவுக்குச் செய்தி வந்திருக்கும். யார் காட்டிக்குடுத்ததுன்னு அவன் தேடத் தேவையில்ல." அவர் குரல் இறங்கியது. "நான்தான் அந்தக் கேள்வியைக் கேட்டு, உள்ள இருக்கிறது மனுசன்னு அவன் முன்னாலேயே கக்க வச்சேன். பெரிய கெட்டிக்காரின்னு நினைச்சுக் கேட்டேன். வாங்க இத்ரூஸ், அவரை விட்டுட்டுப் போக ஏலாது."

திட்டம் எளிது. மீனாம்பிகை முன்பக்கம் தியாகராஜாவைப் பேச்சில் பிடித்துவைப்பது. இத்ரூஸ் பின் ஒழுங்கையால் போய்த் தட்டிக்குப் பின்னாலுள்ள கதவைத் திறந்து மாஸ்டரைக் கூட்டிக்கொண்டு ஓடுவது. எளிய திட்டம் என்றாலே இத்ரூஸுக்கு நம்பிக்கை கிடையாது.

ஒழுங்கை இரண்டு பேர் சேர்ந்து நடக்க முடியாத சந்து. கதவு திறந்தே கிடந்தது. உள்ளே ஒரு நாற்காலி, ஒரு கம்பியூட்டர், பாதி குடித்த தேத்தண்ணி. இத்ரூஸ் கோப்பையைத் தொட்டுப் பார்த்தான். சூடு இருந்தது. விசைப்பலகைக்குப் பக்கத்தில் ஒரு பழைய கைக்கடிகாரம் வெறுமனே கிடந்தது. தட்ட உட்காரும்போது மாஸ்டர் அதைக் கழற்றி வைப்பார், எழும்பும்போது மறக்காமல் கட்டுவார். தபால் கந்தோர்க் காலத்துப் பழக்கம். அதைக் கட்டாமல் அவர் தானாக எழுந்து போயிருக்க மாட்டார். இத்ரூஸ் அதைப் பொத்திப் பொக்கெட்டுக்குள் போட்டுக்கொண்டு முன்பக்கம் ஓடினான்.

கடைக்குள் மூலை நாற்காலி காலி. பேப்பர் அழகாக மடித்து வைக்கப்பட்டிருந்தது. மீனாம்பிகை திரைக்கு முன்னால் உட்கார்ந்திருந்தார், தியாகராஜாவின் விரல்கள் அப்போதுதான் தட்டி முடித்திருந்தன. காலையில் கேட்ட அதே கேள்வி. இப்போது நேரம் என்ன?

கண் இமைக்கும் முன் பதில் வந்தது.

'வெள்ளிக்கிழமை. நேரம் 11.47.'

அச்சொட்டான பதில். ஒரு பிழையில்லை. மீனாம்பிகை அந்தத் திரையைப் பார்த்தபடியே இருந்தார். அவர் கை மேசை விளிம்பை இறுகப் பிடித்திருந்ததை இத்ரூஸ் கண்டான்.

"காலையில ஒரு சின்னக் கோளாறு இருந்திச்சு மிஸ்," என்றார் தியாகராஜா, மிகவும் அன்பாக. "இப்பத் திருத்தியாச்சு. இனிமே இது எதிர்க் கேள்வி கேக்காது."

வீதிக்கு எப்படி வந்து சேர்ந்தார்கள் என்று இருவருக்கும் தெரியாது. த்ரீவீலருக்குள் ஏறியதும் மீனாம்பிகை கேட்டார்:

"தேத்தண்ணி?"

"சூடு ஈந்திச்சு."

"ஒழுங்கையில வேன் போகுமா?"

"சைக்கிளே திணறும் மிஸ்."

"பதினொன்றரைக்குக் கலேவெலவில நிண்ட வேன் இங்க வர இன்னும் ஒரு மணித்தியாலம் ஆகும். அப்ப அந்தப் பேப்பர்க்காரன் அவரை நடத்தித்தான் கொண்டு போறான். வயசான மனுசன், வேகமா நடக்க மாட்டார். வேன் வரும்வரைக்கும் எங்கயாவது கிட்டத்தில பூட்டித்தான் வைக்கணும்." மீனாம்பிகை முன்னால் குனிந்தார். "தேடுவம். வேன் வந்து சேர்ந்தா எல்லாம் முடிஞ்சுது. நேரம் என்ன இத்ரூஸ்?"

இத்ரூஸ் பொக்கெட்டிலிருந்து மாஸ்டரின் கைக்கடிகாரத்தை எடுத்தான். அது தன் பாட்டில் ஓடிக்கொண்டிருந்தது, ஊரைவிட அரைமணி பின்னால்.

"பழைய நேரமா, புது நேரமா மிஸ்?" என்று கேட்டான். அவன் அதைப் பகிடியாகக் கேட்கவில்லை.